இருபத்து நான்கு தவணை

லாரியிலிருந்து அதை இறக்க நான்கு பேர் தேவைப்பட்டார்கள்.
கிரெமோனாவில் இருபத்து நான்கு தவணைச் சீட்டில்
கையெழுத்துப் போட்டுவிட்டு வந்த எத்தோரே
விலையைச் சொல்லவில்லை.
"இனி உன் விரல் வெடிக்காது" என்றார்.
என் விரலை அவர் பார்த்திருக்கிறார் என்பதே
அன்றுதான் எனக்குத் தெரியும்.

முதல் சனிக்கிழமை
தெருப்பெண்கள் எல்லோரும் எங்கள் சமையலறையில்.
நாற்காலி போதாமல் நொர்மா மாவுப்பெட்டிமேல் ஏறிக்கொண்டாள்.
வட்டக் கண்ணாடிக்குள்
எத்தோரேயின் உள்ளாடை சுற்றிச் சுற்றி வந்து
ஒவ்வொருத்திக்கும் முகம் காட்டிப் போனது.
சிரித்துச் சிரித்து ஜெம்மாவுக்கு விக்கல்.
பிழியும்போது மெஷின்
பேய் பிடித்ததுபோல் குதித்துச் சுவரைவிட்டு நகர,
ஐந்து பேர் சேர்ந்து கட்டிப் பிடித்தோம்.

அதுவரை வாய்க்கால்தான். பதினொரு கல்.
ஜனவரியில் பனியை உடைத்த பிறகே முதல் துணி நனையும்.
மரப்பெட்டியில் வைக்கோல் திணித்து முழங்கால் ஊன்றுவோம்.
அந்த வாய்க்காலைப் புகழ என்னிடம் ஒரு சொல்லும் இல்லை.
இரண்டு பிள்ளைகளை வயிற்றில் வைத்துக்கொண்டு அங்கே குனிந்தவள் நான்.
போர் முடிந்து திரும்பியவர்களின் கம்பளிச் சட்டைகளை
அங்கேதான் அலசினோம்,
தண்ணீர் நிறம் மாறியதை
ஒருத்தியும் வாய்விட்டுச் சொல்லாமல்.

ஆனால்
டெல்ஃபினா கையை முழங்கைக்கு மேல் சுருட்டுவாள்.
சுருட்டாமல் யார் துவைக்க முடியும்?
ஒரு திங்கட்கிழமை அவள் மேற்கையில்
நான்கு விரலும் ஒரு கட்டைவிரலும்
கத்தரிக்காய் நிறத்தில் பதிந்திருந்தன.
யாரும் எதுவும் கேட்கவில்லை.
சோப்பு மட்டும் கைமாறிக் கைமாறிப் போனது.
அன்று சாயங்காலம் ஆறு பேர்,
ஆறு கையிலும் துணி அடிக்கும் கட்டை,
அவள் வாசலில் போய் நின்றோம்.
கதவைத் திறந்த உகோவிடம்
மணி என்ன என்று கேட்டாள் நொர்மா.
சொன்னான்.
நன்றி சொல்லித் திரும்பினோம்.
அதன் பிறகு வெகுநாள்
அந்தக் கை வெறும் கையாகவே இருந்தது.

அடுத்த கோடையில் கல்லில் நான்கு பேர்.
அதற்கடுத்த கோடையில் தவளைகள்.
டெல்ஃபினாவுக்கும் வந்துவிட்டது,
எங்களுடையதைவிடப் பெரிது, ரொக்கத்தில்.
"என் பெண்டாட்டி எதற்கு ஊர் பார்க்கக் குனிய வேண்டும்?"
என்றானாம் உகோ.
ஊரே மெச்சியது. நானும் மெச்சினேன்.

நேரம் மிச்சமானது உண்மை, மறுக்கமாட்டேன்.
வாரத்துக்கு ஒரு சட்டை போட்ட மனிதர்
தினம் ஒன்று கழற்றிப் போட ஆரம்பித்தார்.
விரிப்பில் ஒரு சுருக்கம் இருந்தால்
பிள்ளைகளுக்குக்கூடக் கண்ணில் பட்டது.
மிச்சமான மணியெல்லாம்
இஸ்திரிப் பெட்டியின் கீழே ஆவியாகப் போனது.
தனியாக நின்று தேய்ப்பேன்.
மெஷின் ஓடும்போது
பக்கத்து வீட்டில் என்ன நடந்தாலும் காதில் விழாது.

நேற்று ரொட்டிக் கடையில் டெல்ஃபினா.
ஜூலை மாதம், தார் உருகும் வெயில்.
அவள் முழுக்கைச் சட்டையில்,
மணிக்கட்டு வரை பொத்தான்.
"புதுசா?"
"நைலான். இஸ்திரியே வேண்டாம்" என்றாள்
மீதிச் சில்லறையை இடது கையால் வாங்கியபடி.
அவள் இடது கைக்காரி அல்ல.

வீட்டுக்கு வந்து பிளக்கைப் பிடுங்கினேன்.
எந்தப் பழுதும் இல்லாத மெஷின்,
போன மாதம்தான் கடைசித் தவணை.
வெள்ளை வெளேரென்று மடித்து வைத்திருந்ததையெல்லாம்
மறுபடி கூடையில் அள்ளினேன்.
நொர்மாவுக்கு ஆள் அனுப்பினேன், ஜெம்மாவுக்கும்:
உங்கள் மெஷினும் இன்று ஓடாது.

உகோதான் கதவைத் திறந்தான்.
வாசல் முழுக்கக் கூடைகள்.
"எங்கள் வீட்டில் பழுது" என்றேன்,
"கொஞ்ச நாளைக்கு உங்கள் வீட்டில்தான் துவைக்க வேண்டும்."
உள்ளே டெல்ஃபினாவின் மெஷின்
பிழிந்து முடித்து நின்றது.
என் முதுகுக்குப் பின்னாலிருந்து
அவசரமே இல்லாமல்
நொர்மா கேட்டாள்:
"மணி என்ன, உகோ?"